ஏ4 வீதி: கல்லடி முதல் கிட்டங்கி வரை

உறவுகளுக்கு வணக்கம்.

மார்கழி விடுமுறைக்கு மட்டக்களப்புப் பக்கம் ஊருக்கு வருகிறவர்கள் வழி கேட்டிருந்தீர்கள். "ஏ4 கொழும்பு வீதிதானே, அதாலேயே வந்தால் என்ன?" என்றும் ஒரு கேள்வி வந்தது. கொழும்பு வீதிதான், ஆனால் அதால் நம்மவர் யாரும் கொழும்பு போவதில்லை. இரத்தினபுரி, பலாங்கொடை, வெல்லவாய, மொனராகலை, சியம்பலாண்டுவ, லகுகல என்று தெற்கால் சுற்றி, பொத்துவிலில் கடலைக் கண்டபிறகுதான் அது வடக்கே திரும்பும். அக்கரைப்பற்று, கல்முனை, களுவாஞ்சிகுடி வழியாக மட்டக்களப்பில் முடிய 430 கிலோமீற்றர். பொலன்னறுவை வழி ஏறக்குறைய 315. கற்களில் உள்ள எண் கொழும்பிலிருந்து எண்ணி வருவதால் மட்டக்களப்பிலிருந்து தெற்கே வர வர அது குறையும். வெளியூர் ட்ரைவர்மார் இதில் குழம்புவதுண்டு. நகரிலிருந்து வடக்கே போவது ஏ15, திருகோணமலை வீதி.

கட்டுநாயக்காவில் இறங்குகிறவர்களுக்குக் குருநாகல், தம்புள்ளை, ஹபரணை, பிறகு ஏ11இல் பொலன்னறுவை, மன்னம்பிட்டி, வெலிக்கந்தை, புனாணை என்று வந்து ஓட்டமாவடிப் பக்கம் ஏ15இல் ஏறுவதே நல்லது. இதில் இரண்டு விசயம். மகாவலி பெருகினால் மன்னம்பிட்டிக்கு முன்னால் கல்லெல்லையில் தண்ணீர் வீதியைக் கடந்து ஓடும், அப்போது போக்குவரத்தை நிறுத்திவிடுவார்கள். வெலிக்கந்தைக்கும் புனாணைக்கும் இடையில் பொழுதுபட்டால் யானை. 2023 ஜூலையில் பஸ் ஒன்று ஆற்றுக்குள் விழுந்து பலர் இறந்த கொட்டலியப் பாலமும் மன்னம்பிட்டியில்தான் இருக்கிறது. விமானம் மாலையில் இறங்கினால் இரவோடு இரவாக ஊர் சேர நினைக்காமல் தங்கிவிட்டு விடிய வெளிக்கிடுங்கள்.

கண்டியில் வேலை உள்ளவர்களுக்கு மகியங்கனை வழி. பதினெட்டு வளைவு இறங்கி, பதியத்தலாவையில் ஏ5ஐப் பிடித்து, மகாஓயா, கரடியனாறு தாண்டிச் செங்கலடிக்கு வரலாம். யுத்த காலத்தில் கறுத்தப் பாலத்தோடு நின்றுபோன வீதி இதுதான். இப்போது அகலமாக்கிக் காபட் போட்டிருக்கிறார்கள்.

இனி நம்முடைய துண்டு. மட்டக்களப்பு நகரை ஒட்டிய கல்லடியிலிருந்து கல்முனை வரை ஏ4 ஒரு மணல் திட்டின் மேல் ஓடுகிறது, கிழக்கே கடல், மேற்கே வாவி. எழுவான்கரையில் (வாவியின் கிழக்குக் கரை) வீடும் படுவான்கரையில் (மேற்குக் கரை) வயலும் உள்ளவர்களுக்கு வீதியின் வரலாறு என்பது பாதை எப்போது பாலமானது என்பதுதான். (பிள்ளைகளுக்குச் சொல்லிவையுங்கள்: நம்மூரில் "பாதை" என்றால் வாகனம் ஏற்றி வாவி கடக்கும் மிதவை.) கல்லடியில் 1924இல் இரும்புப் பாலம் வந்தது, ஆளுநர் மனிங்கின் மனைவி பெயரில். ஒரு தடம்தான், ஒரு பக்க வாகனம் வரும்வரை மறுபக்கம் காத்து நிற்கவேண்டும். 2013 மார்ச்சில் பக்கத்தில் புதுப்பாலம் திறந்தார்கள். மண்முனைப் பாதைக்குப் பதிலாக 2014 ஏப்ரலில் பாலம் திறந்த பிறகு ஆரையம்பதிப் பக்கமிருந்து கொக்கட்டிச்சோலைக் கோயில் தேருக்குப் போகக் காத்துநிற்கும் வேலை இல்லை. களுவாஞ்சிகுடியில் பட்டிருப்புப் பாலம் இருக்கிறது. குருமண்வெளி–மண்டூர் துறையில் பாதையை நம்பி நேரக்கணக்குப் போடாதீர்கள். காற்றடித்தாலும் ஆற்றுவாழை (மிதந்து படரும் நீர்ச்செடி) அடைத்தாலும் அது நிற்கும்.

மாரியில் முதலில் மூடுவது தாம்போதிகள், அதாவது வெள்ளம் மேலால் பாயக்கூடிய தாழ்ந்த வீதித் துண்டுகள். கல்முனைக்கும் நாவிதன்வெளிக்கும் நடுவில் கிட்டங்கித் தாம்போதி தாழ்ந்தது. அடியில் உள்ள போக்குகளில் ஆற்றுவாழை வந்து இறுகினால் தண்ணீர் கீழால் போக முடியாமல் மேலால் பாயும். அதனால் மழை விட்ட பிறகும் இரண்டொரு நாள் மூடியே கிடக்கும். முழங்கால் அளவுதானே என்று இறங்கக்கூடாது: ஓரம் அரித்துப் போயிருந்தாலும் மேலிருந்து தெரியாது. காரைதீவு–அம்பாறை வீதியில் மாவடிப்பள்ளியில் 2024 நவம்பர் 26இல் உழவு இயந்திரத்தில் ஏறி வந்த மதரசாப் பிள்ளைகளை வெள்ளம் கொண்டுபோனது. கிட்டங்கி மூடினால் பட்டிருப்புப் பாலத்தால் போரதீவு, வெல்லாவெளி என்று போய்ப் பாருங்கள். வெல்லாவெளி–மண்டூர் வீதியிலும் தண்ணீர் ஏறும், அங்குள்ள உறவினரிடம் கேட்டுவிட்டே வெளிக்கிடவேண்டும்.

இந்தத் தண்ணீர் வடிய வாவிக்கு இரண்டே வாய்: வடக்கே பாலமீன்மடு, தெற்கே பெரியகல்லாறு. கோடையில் இரண்டும் மணலால் அடைபடும். மாரியில் ஆற்றுவாயை எப்போது வெட்டுவது என்பதில் ஒவ்வொரு வருசமும் இழுபறிதான். முந்தி வெட்டினால் வாவி வற்றி, உப்புத் தண்ணீர் ஏறி, மீன்பிடிக்கிறவர்களுக்கு இறால் போச்சு. பிந்தி வெட்டினால் படுவான்கரை வயல் அழுகும். வெட்டிய அன்றே தாம்போதி திறக்காது, கடல் பெருக்காக இருந்தால் தண்ணீர் வெளியே இழுபட மறுக்கும்.

வீட்டுவாசலில் நிற்கும் தண்ணீர் வேறு கதை. காபட் போடப் போட வீதி உயர்ந்து, வளவு பள்ளமாகிவிட்டது. மணல் மண் குடிக்கும்தான், ஆனால் நிலத்தடி நீர் மேலே வந்தபிறகு அதுவும் குடிக்காது. போதாததற்கு ஆளாளுக்குக் கேற்றடியில் வடிகானை மூடி நாலங்குலக் குழாய் வைக்கிறோம். ஒரு ஷொப்பிங் பை போதும், அடைத்துவிடும். குழாயை விட்டுவிட்டு, இரண்டு பேர் தூக்கி எடுக்கக்கூடிய கொங்கிறீட் மூடிகளைத் துண்டுதுண்டாகப் போடுங்கள், துப்புரவு செய்யலாம்.

நம் ஊர்ச் சங்கக் காசில் வடிகான் கட்டலாம் என்கிறவர்களுக்கு: ஏ, பி இலக்க வீதிகள் வீதி அபிவிருத்தி அதிகார சபைக்கு, சி, டி மாகாணத்துக்கு, உள்ளொழுங்கைகள் பிரதேச சபைக்கு. ஒழுங்கை வடிகானைப் பிரதான வீதி மதகோடு சேர்ப்பதென்றால் பிரதேச சபை, அதிகார சபை இரண்டிலும் எழுத்தில் அனுமதி எடுங்கள். அந்த மதகின் மறுவாய் திறந்திருக்கிறதா, யாராவது மதில் கட்டி மறித்திருக்கிறார்களா என்று காசு அனுப்பமுன் ஓராளை விட்டுப் பார்ப்பிக்கவேண்டும்.