புவெப்லா, சோலூலா: ஒரே நாள்ல முடியுமா?

கேள்வி (பாளையங்கோட்டை): அண்ணாச்சிமாரே, மெக்சிகோ சிட்டியிலிருந்து கைடு வச்சு ரெண்டு ஊரும் பார்க்கணும். கூட வார அம்மாவுக்கு 66 வயசு, சைவம். திங்கக்கிழமைதான் தோது.

பதில் 1: திங்கள் வேண்டாம். மியூசியங்கள் பெரும்பாலும் பூட்டித்தான் கிடக்கும். புவெப்லாவில 1646-ல தொடங்கின பலஃபோக்சியானா நூலகமும் அப்படித்தான். தூரம் சுமார் 130 கிலோமீட்டர், ரெண்டு மணி நேரம். காலையில 7 மணிக்கே கிளம்பி, முதல்ல சோலூலா போங்க. பார்த்தா நம்மூர் பொத்தை மாதிரி இருக்கும். அது பிரமிடு, உச்சியில மாதா கோயில். ஏத்தம் செங்குத்து. மேகம் மூடுததுக்கு முன்னாடி போனா எரிமலையும் தெரியும்.

பதில் 2: அங்கன கிட்டத்தட்ட ஊட்டி உயரம், அம்மாவுக்கு மூச்சு வாங்கும். நின்னு நின்னு ஏறச் சொல்லுங்க. சாப்பாடுதான் சிக்கல். ஸ்பானிஷ்ல 'சின் கார்னே' (கறி இல்லாம)ன்னா கறித்துண்டை மட்டும் எடுத்துட்டுத் தருவாங்க. பீன்ஸ்ல பன்றிக் கொழுப்பு, மோலே குழம்புல கோழிச்சாறு இருக்கும். 'சின் மந்தேக்கா, சின் கால்தோ தெ போயோ' (கொழுப்பு இல்லாம, கோழிச்சாறு இல்லாம)ன்னு எழுதியே காட்டுங்க.

பதில் 3: புவெப்லாவோட தலவேரா பீங்கான் கடையில கைடுமார் எத்தனை நிமிஷம் நிறுத்துவாங்கன்னு பணம் கட்டுததுக்கு முன்னாடியே கேளுங்க. சாந்தோ தொமிங்கோ கோயிலின் தங்கத்தகடு வேய்ந்த ஜெபமாலைச் சிற்றாலயத்துக்கு வேண்டிய நேரத்தை அந்தக் கடைதான் தின்னும். வாங்கினா, தட்டைக் குப்புறப் போட்டுப் பட்டறை முத்திரை இருக்கான்னு பாருங்க.