ஆட்கொணர்வு மனு போட்டவர்கள், எதிர்கொண்டவர்கள்: உங்கள் அனுபவம்?

என் தங்கைக்காக உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் ஆட்கொணர்வு மனு (ஒருவரைச் சட்டவிரோதமாகப் பிடித்து வைத்திருந்தால், அவரை நீதிமன்றத்தில் நிறுத்தச் சொல்லிக் கேட்கும் மனு) போட்டோம். பால்குடி மறக்காத பையனைப் புகுந்த வீட்டில் வைத்துக்கொண்டு அவளை மட்டும் வெளியே அனுப்பிவிட்டார்கள். காவல் நிலையத்தில் "குடும்பத் தகராறு, கோர்ட்டுக்குப் போங்க" என்றார்கள். விடாமல் நின்று, புகாரைப் பெற்றுக்கொண்டதற்குப் போலீஸ் தரும் சி.எஸ்.ஆர். ரசீது வாங்கினோம். நீங்களும் வாங்காமல் நகராதீர்கள். முதலில் போலீஸிடம் போனீர்களா என்பதைத்தான் நீதிமன்றம் பார்க்கும்.

"பெற்ற அப்பாவிடம் இருப்பது எப்படிச் சட்டவிரோதக் காவல் ஆகும்?" என்று எதிர்த்தரப்பு கேட்டது. வலுவான கேள்விதான். இந்து இளவர், காப்பாளர் சட்டம் 1956, பிரிவு 6-இன்படி ஐந்து வயது நிரம்பாத குழந்தை சாதாரணமாகத் தாயிடம்தான் இருக்க வேண்டும் என்று எங்கள் வக்கீல் காட்டினார். பெற்றோருக்குள் நடக்கும் சண்டையிலும் குழந்தையின் நலனுக்காக இந்த மனுவை விசாரிக்கலாம் என்று 2020-இல் உச்ச நீதிமன்றம் சொன்னதையும் எடுத்துவைத்தார்.

பையனைப் புதுச் சட்டையோடு கூட்டிவந்தார்கள். விலைச்சீட்டு காலருக்குப் பின்னால் தொங்கிக்கொண்டிருந்தது. அம்மாவைப் பார்த்ததும் ஓடிவரவில்லை, பாட்டியின் முந்தானையைப் பிடித்துக்கொண்டான். தங்கை உடைந்துபோனாள். இரண்டு நீதிபதிகளும் அவசரப்படவில்லை. அறைக்கு அழைத்து, தாயும் பிள்ளையும் தனியாக இருக்க நேரம் கொடுத்தார்கள். வெளியே வரும்போது அவள் தோளில் தூங்கிக்கொண்டிருந்தான். குழந்தை தாயிடம், ஞாயிறுதோறும் அப்பா பார்க்கலாம், நிரந்தரப் பொறுப்புக்குக் குடும்ப நல நீதிமன்றம் போங்கள் என்று உத்தரவு. அந்த வழக்கு இன்னும் நடக்கிறது.

*

நான் மறுபக்கம். என் பெற்றோர் என்னை அடைத்து வைத்திருப்பதாகக் கணவர் மனு போட்டார். அடி தாங்காமல் நானாகத்தான் அம்மா வீட்டுக்கு வந்திருந்தேன். போலீஸ் வாசலில் வந்து நின்றதும் அப்பாவுக்குக் கை நடுங்கிவிட்டது.

சென்னை உயர் நீதிமன்றத்தில், எல்லாரையும் தள்ளி நிற்கச் சொல்லிவிட்டு, "யாரோட இருக்க விரும்புறீங்கம்மா?" என்று கேட்டார்கள். "அம்மா வீட்டில்தான் இருக்கேன், யாரும் பிடிச்சு வைக்கலை" என்றேன். அதைப் பதிவுசெய்து மனுவை முடித்துவிட்டார்கள். வயது வந்த பெண்ணின் விருப்பம்தான் இங்கே முக்கியம். கேரளாவைச் சேர்ந்த ஹாதியா என்ற பெண்ணின் திருமண வழக்கில் 2018-இல் உச்ச நீதிமன்றம் நிலைநாட்டியதும் அதைத்தான். அங்கே அவர் கணவரோடு போக விரும்பினார், நான் போக விரும்பவில்லை. அவ்வளவுதான் வித்தியாசம்.

*

அப்படியென்றால் மனைவியைத் திரும்பக் கூட்டிவர இந்த மனு உதவாதா?

*

அவருக்கே வர விருப்பமில்லை என்றால் உதவாது. அவர் எங்கே, எப்படி இருக்கிறார் என்று தெரியும், அவ்வளவுதான். சேர்ந்து வாழக் கேட்பதற்குக் குடும்ப நல நீதிமன்றத்தில் தனி மனு இருக்கிறது. அங்கேயும் கையைப் பிடித்து இழுத்து வந்து விடமாட்டார்கள்.