4கே77-இல் 4கே எங்கே?

ரீல்ராசா: ‘ஸ்டார் வார்ஸ்’ படத்துக்கு ரசிகர்கள் பழைய ஃபிலிமை ஸ்கேன் செய்து உருவாக்கிய 4கே77 பதிப்புதான் நிஜமான 4கே (ஏறக்குறைய நாலாயிரம் பிக்சல் அகலத் துல்லியம்), டிஸ்னி விற்கும் டிஸ்க் குப்பை என்று நேற்று ஒருவர் இங்கே அளந்திருந்தார். எரிச்சல் இன்னும் அடங்கவில்லை. அது 1977 தியேட்டர் பிரிண்ட். நெகட்டிவிலிருந்து நகல், நகலிலிருந்து நகல் என்று இறங்கித்தான் தியேட்டருக்கு வரும். ஜெராக்ஸுக்கு ஜெராக்ஸ். இதில் 4கே எங்கே ஐயா?

பழையபொட்டி: அந்த ‘ஒருவர்’ நான்தான், பெயர் சொல்லியே திட்டலாம். 97 சதவீதம் ஒரே 35 மி.மீ. டெக்னிகலர் (சாயத்தை ஃபிலிமில் அச்சிடும் முறை) பிரிண்ட். 4கேயில் ஸ்கேன், 4கேயிலேயே சுத்தம் செய்தது. வேறென்ன வேண்டும்?

ரீல்ராசா: எதை ஸ்கேன் செய்தார்கள் என்றால், எதில் செய்தார்கள் என்கிறீர்கள். ஆர்2-டி2 பள்ளத்தாக்கில் தனியாக உருண்டு போகும் இடத்தை நிறுத்திப் பாருங்கள். பாறை எது, ஃபிலிமின் புள்ளிப்புள்ளியான கிரெய்ன் எது?

கிரெய்ன்பித்தன்: கிரெய்ன் ஆகாதவர்களுக்குத்தான் டிஎன்ஆர் (கிரெய்னை அழிக்கும் டிஜிட்டல் வித்தை) போட்டுத் துடைத்த 4கே77 பதிப்பு தனியாக இருக்கிறதே. மெழுகு முகங்களைப் பார்த்து மகிழுங்கள்.

பழையபொட்டி: டெக்னிகலர் சாயம் மங்காது தலைவரே. அந்தக் காலத்து ஈஸ்ட்மன் கலர் ஃபிலிம் பிரிண்டெல்லாம் சிவந்து கிடக்கின்றன. 2025 ஜூனில் லண்டனில் பிரிட்டிஷ் திரைப்படக் கழகமான பிஎஃப்ஐ போட்டுக் காட்டியதும் டெக்னிகலர் பிரிண்ட்தான்.

ரீல்ராசா: நிறத்தைப் பற்றி யார் கேட்டது? 4கே எங்கே?

சட்டத்தம்பி: அதெல்லாம் சரி, இது திருட்டுதானே?

பழையபொட்டி: ஒழுங்காக விற்றால் வாங்க மாட்டோமா? 2006 டிவிடியில், பின்னால் மாற்றங்கள் செய்வதற்கு முந்தைய பழைய படத்தை போனஸாகத் தந்தார்கள். 1993-இல் லேசர்டிஸ்க்குக்கு (டிவிடிக்கு முந்தைய பெரிய வட்டு) செய்த மாஸ்டர், அகலத்திரை டிவிக்கு ஏற்ற அனமார்பிக் கூடக் கிடையாது. பிச்சை போட்டது போல.

ஹான்தான்முதலில்: 1997-இல் படத்தை மாற்றியபோது, ஹானுக்கு முன்னால் வில்லன் கிரீடோவை முதலில் சுட வைத்தார்களே, அதை யாருமே பேசவில்லை!

ரீல்ராசா: வந்துவிட்டார். எந்தத் திரியானாலும் இவருக்கு அந்தத் துப்பாக்கிதான். பொட்டி ஐயா, லேசர்டிஸ்க் சண்டையிலும் இப்படித்தான் பேச்சை மாற்றினீர்கள். பிரிண்டில் இல்லாத நுணுக்கம் ஸ்கேனரில் முளைக்குமா? ஆமா, இல்லை, ஒரே வார்த்தை.

பழையபொட்டி: முதலில் உங்கள் டிவியில் ஷார்ப்னெஸைக் குறையுங்கள்.

ரீல்ராசா: என் டிவியைப் பற்றிப் பேசுகிற வேலை வேண்டாம்.

கிரெய்ன்பித்தன்: எந்த மாடல் அண்ணே?