எழுத்துருவைத் தொலைத்த 13 எபிசோடுகள்

2002இல் டிவிக்கு எழுதிய என் அறிவியல் புனைகதைத் தொடரின் வசனக் கோப்புகள் திறக்கின்றன. ஆனால் தமிழைக் காணோம், ஆங்கில எழுத்தும் குறிகளும்தான். விண்டோஸ் 98இல், வேர்டு 97இல் அடித்தது. எழுத்துரு இருந்த கணினி 2015 வெள்ளத்தில் சைதாப்பேட்டை வீட்டோடு மூழ்கிவிட்டது. பிளாப்பிகள் மட்டும் பரணில் பிழைத்தன.

பாமினி, டிஸ்கி, டாம், டாப் என்று பழைய தமிழ்க் குறியேற்றங்கள் (எந்த எண்ணுக்கு எந்த எழுத்து என்ற முறைகள்) எல்லாவற்றின் மாற்றியிலும் போட்டுப் பார்த்தாயிற்று. டாபில் மட்டும் 'விண்கலம்' பாதி தேறுகிறது: 'கலம்' சரி, 'விண்' வெறும் கட்டம். ரிச்சி தெருக் கணினிக் கடைகளில் பிளாப்பியைப் பார்த்துச் சிரித்தார்கள்.

இருபது வருடமாக மாமியார் மருமகள் கதை எழுதியவனிடம் இப்போது ஒரு வெப் தொடருக்கு விண்வெளிக் கதை மாதிரி கேட்கிறார்கள். வெள்ளிக்கிழமை கெடு.

எழுத்துரு கையில் இல்லாமல், அது எந்தக் குறியேற்றம் என்று கண்டுபிடிப்பது எப்படி?