வியன்னாவில் யார் பார்த்தது?

கரும்பலகை: நிலாமுற்றம் நேத்து இங்கே எழுதினது இது: "கவனம் ஒரு விசை. மனுஷ மனசு கவனிக்கிற வரைக்கும் பொருளுக்கு உருவமே இல்ல. இரட்டைப் பிளவு சோதனையே சாட்சி. இதுக்கு நோக்குவிசைக் கொள்கைன்னு பேர் வெச்சிருக்கேன்." 31 வருஷம் பிளஸ் டூ பிள்ளைங்களுக்கு இயற்பியல் நடத்தினவன் நான், இதைப் படிச்சிட்டுச் சும்மா போக முடியல. அவர் சொல்ற சோதனை இதுதான்: துகளை ரெண்டு மெல்லிய பிளவு வழியா அனுப்பினா, அலை மாதிரி கலந்து எதிர்ல பட்டை பட்டையா விழும். எந்தப் பிளவு வழியா போச்சுன்னு தெரியற மாதிரி ஆனா பட்டை போயிடும். ஒரே ஒரு கேள்வி. 2004-ல வியன்னாவில் ஆர்ண்ட், சைலிங்கர்ங்கிற இயற்பியலாளர்களோட குழு 70 கார்பன் அணு சேர்ந்த மூலக்கூறுகளை லேசரால சூடாக்கி, பிளவு வரிசை வழியா அனுப்பினாங்க. சூடாக்காம விட்டப்போ பட்டை தெளிவா விழுந்துது. சூடு ஏற ஏற மூலக்கூறு தானே ஒளியைக் கக்கும். தான் எந்த வழியில போறோம்னு அதுவே காட்டிக் கொடுத்த மாதிரி. பட்டை மெல்ல மெல்ல மங்கி, 3000 கெல்வின் (சுமார் 2,700 டிகிரி செல்சியஸ்) பக்கம் போகும்போது இல்லாமலே போச்சு. கக்கின ஒளியை யாரும் பிடிக்கல, பார்க்கவும் இல்ல. பட்டையை அழிச்சது யார் மனசு?

நிலாமுற்றம்: கடைசியில கணினித் திரையில அந்தச் சோதனை எண்களைப் பார்த்தது யாரு சார்? ஒரு மனுஷன்தானே? அவர் பார்க்கிற வரைக்கும் பட்டை இருந்துதா இல்லையான்னு யார் சொல்ல முடியும்? கணித மேதை வான் நியூமன் 1932-லயே, கருவிக்கும் பார்க்கிறவனுக்கும் நடுவுல எல்லைக் கோட்டை எங்க வேணும்னாலும் போடலாம்னு காட்டிட்டார். இயற்பியலாளர் விக்னர் 1961-ல நேராவே மனசுன்னு எழுதினார். நோபல் வாங்கினவர். நீங்க வாங்கியிருக்கீங்களா?

கரும்பலகை: விக்னருக்கு 1963-ல நோபல் கொடுத்தது அணுக்கரு ஆராய்ச்சிக்கும் சமச்சீர் விதிகளுக்கும். இதுக்கு இல்ல. அதே விக்னர் பின்னாடி, ட்சேங்கிற ஜெர்மன் இயற்பியலாளர் 1970-ல எழுதினதைப் படிச்ச பிறகு, இந்தக் கருத்தையே விட்டுட்டார். பாதியைப் படிச்சிட்டு மீதியை மறைக்காதீங்க. என் கேள்வி அப்படியே நிக்குது. யார் பார்த்தது?

வெட்டிவேர்: வாத்தியார் ஐயா, "பட்டை பட்டை"ன்னா யாருக்குப் புரியும்? பாடநூல்ல குறுக்கீட்டுப் பட்டைன்னு இருக்கு. தமிழ்ல எழுதறதுன்னு வந்தா முழுசா எழுதுங்க.

கரும்பலகை: குறுக்கீட்டுப் பட்டை. சரியா? இப்போ கேளுங்க. கண்ணாடித் துண்டுல மெழுகுவர்த்திப் புகையைக் கரியா படிய விட்டு, ரெண்டு பிளேடைச் சேர்த்துப் பிடிச்சு ஒரே இழுப்பு, ரெண்டு பிளவு. நடுவுல 0.1 மில்லிமீட்டர். சிவப்பு லேசரை விட்டா, மூணு மீட்டர் தள்ளி சுவர்ல ரெண்டு ரெண்டு சென்டிமீட்டர் இடைவெளியில சிவப்புப் புள்ளி வரிசை. வகுப்புல 40 பேரையும் கண்ணை மூடச் சொல்லி, நானும் மூடிட்டு, மொபைலை ஸ்டாண்டுல வெச்சு டைமர்ல படம் எடுத்தேன். அதே புள்ளி, அதே இடம்.

நிலாமுற்றம்: அந்தப் படத்தை அப்புறம் நீங்க பார்த்தீங்க இல்ல? அதைத்தான் நானும் சொல்றேன்.

கரும்பலகை: அப்போ நான் பார்த்து பட்டை வந்துது. வியன்னாவில பார்த்து பட்டை அழிஞ்சுது. உங்க விசை ஒரு இடத்துல கட்டும், இன்னொரு இடத்துல இடிக்கும், எப்படி வேணும்னாலும் ஒத்துப்போகும். அது கொள்கையே இல்ல. சூடு ஏறினா மங்குது, கொஞ்சம் ஏறினா கொஞ்சம் மங்குது. பார்க்கிற மனுஷன் மாறல, அவன் கவனம் மாறல. சூடு மட்டும்தான் மாறுச்சு. யார் பார்த்தது?

அரைடிக்கெட்: ரெண்டு பேரும் "பார்க்கிறது"ன்னா என்னன்னு முதல்ல சொல்லிடுங்களேன்? ஒருத்தர் கருவியைச் சொல்றார், ஒருத்தர் மனசைச் சொல்றார்.

கரும்பலகை: தம்பி, குறுக்க வராதீங்க. அவர் பதில் சொல்லட்டும்.

நிலாமுற்றம்: உங்களுக்கு என் மேல அந்த உலக்கைக் கோபம் சார். கிரகணத்தன்னிக்கு தாம்பாளத்துல தண்ணி ஊத்தி உலக்கையை நிறுத்தினா நிக்கும்னு நான் எழுதினதுல இருந்து துரத்துறீங்க.

கரும்பலகை: ஆமா, கோபம்தான். மறுநாளே எங்க வீட்டு உலக்கையை வெறும் தரையில நிறுத்தி வீடியோ போட்டேன். கிரகணமும் இல்ல, தாம்பாளமும் இல்ல, தண்ணியும் இல்ல. அடி சமமா இருந்தா எந்த நாளும் நிக்கும். பார்த்தும் நீங்க ஒரு வார்த்தை ஒத்துக்கல.

நிலாமுற்றம்: அந்த வீடியோவுல கையை எடுக்கிற இடம் வெட்டுப்பட்டிருக்கு.

கரும்பலகை: வெட்டலை. மறுபடியும் போட்டுப் பாருங்க, 14-வது வினாடி.

வெட்டிவேர்: பூண் போட்ட உலக்கையா, போடாததா? பூண் இருந்தா அடி கனம் கூடும்.

நிலாமுற்றம்: எங்க பாட்டி நிறுத்தினது பூண் போட்டது. அது அன்னிக்கு மட்டும்தான் நின்னுது, நான் கண்ணால பார்த்தேன்.

கரும்பலகை: மத்த நாள்ல நிறுத்திப் பார்த்தாங்களா உங்க பாட்டி?

நிலாமுற்றம்: பாட்டியை இழுக்காதீங்க சார். மரியாதையா பேசுங்க.

கரும்பலகை: பாட்டியைக் கொண்டு வந்ததே நீங்க. 3000 கெல்வின், வியன்னா, யார் பார்த்தது? இன்னும் பதில் வரல.

நிலாமுற்றம்: திரையில எண்களைப் பார்த்தவர். மூணாவது தடவை சொல்லிட்டேன்.