யாவோரின் படங்களை எனக்குக் காட்டிய பாட்டி

புடாபெஸ்டில் வேலைக்குப் போகும்வரை ஹங்கேரிய நடிகர் பால் யாவோர் யாரென்றே எனக்குத் தெரியாது. மாடி வீட்டுப் பாட்டிதான் அறிமுகம் செய்துவைத்தார். டிவியில் பழைய கறுப்பு வெள்ளைப் படம் ஓடினால் என்னையும் கூப்பிடுவார். மெல்லிய மீசை, வாரிச் சீவிய தலை. 1930களில் ஹங்கேரியே கொண்டாடிய காதல் நாயகன்.

முதலில் பார்த்தது 1931இல் வந்த 'ஹிப்போலித்'. நகைச்சுவை முழுக்க க்யூலா கபோஷ் கையில், யாவோர் அதில் காதலன். சிரித்துக்கொண்டே பார்த்த பாட்டி, கபோஷ் வந்ததும் சட்டென்று சொன்னார்: "இவர் யூதர். நாட்டைவிட்டே போகவேண்டியதாயிற்று." 1938இல் வந்த சட்டம் நாடகம், சினிமாவில் யூதர்கள் 20 சதவீதத்துக்கு மேல் இருக்கக்கூடாது என்றது. அடுத்த ஆண்டு அதை 6 ஆகக் குறைத்தார்கள். கபோஷ் 1939இல் அமெரிக்கா போய், 1941இல் நியூயார்க்கிலேயே இறந்தார். படத்தை இயக்கிய இஷ்த்வான் செகேய் அதற்கு முன்பே கிளம்பிவிட்டார்.

யாவோர் யூதர் இல்லை. அவருக்கு வாய்ப்புகள் வந்துகொண்டே இருந்தன. 1939இல் கதலின் கராதியோடு நடித்த 'மரண வசந்தம்' பெரிய வெற்றி. காதலில் தன்னையே அழித்துக்கொள்ளும் பாத்திரம். அவர் நடித்ததில் எனக்கு மிகவும் பிடித்தது இதுதான்.

ஆனால் மனைவி ஓல்கா யூதர். இரண்டு குழந்தைகளோடு இருந்த விதவையை 1934இல் மணந்திருந்தார். யாவோர் முன்கோபி, குடிப்பவர். இதையெல்லாம் பாட்டி மறைக்காமல் சொல்வார். ஆனாலும் மனைவியை அவர் கைவிடவில்லை. உச்சத்தில் இருந்த நடிகருக்கு அந்தக் காலத்தில் அது எவ்வளவு பெரிய ஆபத்து என்று யோசித்துப் பாருங்கள்.

1944 மார்ச் 19 அன்று ஜெர்மன் படை உள்ளே வந்தது. அப்புறம் கராதியை ஜெர்மன் ரகசியப் போலீஸான கெஸ்டபோ பிடித்துச் சித்திரவதை செய்தது. அக்டோபரில் ஹங்கேரிய நாஜிகளான அம்புச்சிலுவைக் கட்சி ஆட்சியைப் பிடித்ததும் யாவோரையும் கைது செய்தார்கள். ஷோப்ரோன்கோஹிதா சிறையில் அடைத்தார்கள். எதிர்ப்பியக்கத் தலைவர் எந்த்ரே பாய்ச்சி-ஷிலின்ஸ்கியை அந்த டிசம்பர் 24 அன்று தூக்கிலிட்டது அங்கேதான். பிறகு யாவோரை ஜெர்மனிக்குக் கொண்டுபோனார்கள். அமெரிக்கப் படை வந்துதான் விடுதலை. சிறை நாட்களைப் பற்றி அவரே எழுதியிருக்கிறார்.

1946இல் அவரும் அமெரிக்கா போனார். அங்கே நாயகன் வேடமெல்லாம் கிடைக்கவில்லை. 1951இல் வந்த 'தி கிரேட் கரூசோ'வில் அவரைத் தேடித்தான் கண்டுபிடித்தேன், துணை வேடம். ஒரு நாடே கொண்டாடிய முகத்தை அப்படிப் பார்க்க எனக்கு மனம் கொள்ளவில்லை. பாட்டி அந்தப் படத்தைப் பார்க்கவே மாட்டேன் என்றுவிட்டார்.

1957இல் ஊர் திரும்பி, இரண்டே ஆண்டில், 57 வயதில் புற்றுநோயால் இறந்தார். யாவோரைப் பார்க்க ஆசைப்படுகிறவர்கள் 'மரண வசந்தம்' படத்திலிருந்து தொடங்குங்கள். 'ஹிப்போலித்' அடுத்து. அதில் நாயகன், நகைச்சுவை நடிகர், இயக்குநர் மூவருமே 1946க்குள் நாட்டைவிட்டுப் போனவர்கள் என்பது தெரிந்து பார்க்கும்போது அந்தப் படமே வேறு மாதிரி இருக்கிறது.