40 ஏக்கர் நிலம் உண்மையில் யாருக்காவது கிடைத்ததா? அமெரிக்க உள்நாட்டுப் போருக்குப் பின் விடுதலை பெற்றோருக்கு அரசு செய்த உதவி

கேள்வி

வணக்கம். அமெரிக்க உள்நாட்டுப் போர் 1865-இல் முடிந்தபோது ஏறத்தாழ 40 லட்சம் அடிமைகள் விடுதலை பெற்றார்கள். கட்டிய துணியைத் தவிர வேறு உடைமை எதுவும் இல்லாமல் வெளியே வந்த அவர்களுக்கு "40 ஏக்கரும் ஒரு கோவேறு கழுதையும்" தருவதாக அரசு வாக்களித்து, பின்னர் கைவிட்டது என்று பல இடங்களில் படித்திருக்கிறேன். ஆனால் அப்படி ஒரு வாக்குறுதியே இல்லை, அது வெறும் வதந்தி என்று எழுதுவோரும் இருக்கிறார்கள். மேல்நிலை வகுப்பு மாணவர்களுக்கு இந்தக் காலகட்டத்தைக் கற்பிக்க வேண்டியிருப்பதால் தவறாக எதையும் சொல்லிவிடக் கூடாது என்று கவலைப்படுகிறேன். நிலம் யாருக்காவது கிடைத்ததா? நிலம் போக, அரசு அவர்களுக்கு என்னென்ன செய்தது? விவரம் அறிந்தவர்கள் விளக்கினால் நன்றியுடையவனாக இருப்பேன்.

மறுமொழி 1

ஐயா, நிலம் கிடைத்தது; சில மாதங்களில் பறிக்கப்பட்டது. நடந்ததைச் சற்று விரிவாகவே சொல்கிறேன்.

1865 ஜனவரி 12 அன்று ஜார்ஜியாவின் சவான்னா நகரில், போர்த்துறைச் செயலர் எட்வின் ஸ்டான்டனும் தளபதி வில்லியம் ஷெர்மனும் கறுப்பினச் சமயத் தலைவர்கள் 20 பேரை அழைத்துப் பேசினார்கள். அவர்கள் சார்பில் பேசியவர் காரிசன் ஃப்ரேசியர் என்ற 67 வயது போதகர். எட்டு ஆண்டுகளுக்கு முன்புதான் தம்மையும் தம் மனைவியையும் 1,000 டாலர் பொன்னும் வெள்ளியுமாகக் கொடுத்து அடிமைத்தனத்திலிருந்து மீட்டுக்கொண்டவர். உங்கள் மக்கள் தங்களைத் தாங்களே காப்பாற்றிக்கொள்ள என்ன வேண்டும் என்று கேட்டபோது, நிலம் வேண்டும், அதை எங்கள் உழைப்பால் உழுது பயிரிடுவோம், விலை கொடுத்து வாங்கும் நிலைக்கு வரும் வரை அதில் எங்களைக் குடியமர்த்துங்கள் என்றார். அவர் இலவசமாகக் கேட்கவில்லை என்பதை உங்கள் மாணவர்களுக்கு அவசியம் சொல்லுங்கள்.

நான்கு நாள் கழித்து ஷெர்மன் 15-ஆம் எண் சிறப்புக் கள ஆணையைப் பிறப்பித்தார். தென் கரோலினாவின் சார்ல்ஸ்டனிலிருந்து தெற்கே ஃப்ளோரிடாவின் செயின்ட் ஜான்ஸ் ஆறு வரையிலான கடலோரத் தீவுகளும், ஆற்றோரமாகக் கடலிலிருந்து 30 மைல் உள்ளே வரை கைவிடப்பட்டுக் கிடந்த நெல்வயல்களும் விடுதலை பெற்றோருக்கென ஒதுக்கப்பட்டன. ஒரு குடும்பத்துக்கு அதிக அளவு 40 ஏக்கர். கோவேறு கழுதை ஆணையில் இல்லை. படைக்கு இனித் தேவைப்படாத விலங்குகளைப் பின்னர் கொடுத்ததால் அந்தத் தொடர் மக்கள் வாயில் நிலைத்தது. அந்த ஆண்டு ஜூன் மாதத்துக்குள் ஏறத்தாழ 40,000 பேர் சுமார் 4 லட்சம் ஏக்கரில் குடியேறிப் பயிர் வைத்திருந்தார்கள். ஆனால் அவர்கள் கையில் இருந்தது அனுபவ உரிமைச் சீட்டு மட்டுமே. முழு உரிமையை வழங்கும் அதிகாரம் ஒரு படைத் தளபதிக்கு இல்லை.

ஏப்ரலில் குடியரசுத் தலைவர் லிங்கன் கொல்லப்பட்டார். அடுத்து வந்த ஆண்ட்ரூ ஜான்சன் மே 29 அன்று தென்பகுதிக் கிளர்ச்சியாளர்களில் பெரும்பாலோருக்குப் பொதுமன்னிப்பு அறிவித்தார். மன்னிப்புப் பெற்றவருக்கு அடிமைகளைத் தவிர மற்றச் சொத்து அனைத்தும் திரும்பும் என்பதால், முன்னாள் உடைமையாளர்கள் நிலத்தைக் கேட்டு வந்து நின்றார்கள். செப்டம்பரில் அவர்களுக்கே நிலத்தைத் திருப்பிக் கொடுக்கும் சுற்றறிக்கை வெளியானது.

அந்தச் செய்தியை நேரில் சொல்லும் பொறுப்பு ஜெனரல் ஆலிவர் ஹோவர்டு என்பவருக்கு வந்தது. அக்டோபரில் அவர் தென் கரோலினாவின் எடிஸ்டோ தீவுக்குச் சென்று, அங்குள்ள தேவாலயத்தில் நிரம்பி வழிந்த மக்கள் முன் நின்றார். நிலத்தைத் திரும்பக் கொடுத்துவிட்டுப் பழைய உடைமையாளர்களிடமே கூலிக்கு ஒப்பந்தம் செய்துகொள்ளுங்கள், அவர்களை மன்னித்துவிடுங்கள் என்றார். ஹோவர்டு 1862-இல் போரில் வலக்கையை இழந்தவர். தீவு மக்கள் தேர்ந்தெடுத்த மூவர் குழு அவருக்கு எழுதிய பதில் இன்றும் ஆவணக் காப்பகத்தில் இருக்கிறது. நீங்கள் போரில் ஒரு கையை இழந்தீர்கள், உங்களால் மன்னிக்க முடியலாம். என்னை மரத்தில் கட்டி 39 சவுக்கடி கொடுத்தவனை, என் தாயையும் சகோதரியையும் ஆடை களைந்து அடித்தவனை, எனக்கு நிலம் கிடைக்கவிடாமல் மற்றவர்களோடு கூட்டுச் சேர்பவனை என்னால் மன்னிக்க முடியாது என்பது அதன் கருத்து. எழுத்துப் பிழைகளோடு எழுதப்பட்ட அந்தக் கடிதத்தைப் படிக்கும் ஒவ்வொரு முறையும் எனக்கு நெஞ்சு கனக்கிறது.

மறுமொழி 2

முதல் மறுமொழியில் வந்த ஹோவர்டுதான், உங்கள் இரண்டாவது கேள்விக்கு விடையான அமைப்பின் தலைவர். 1865 மார்ச் 3 அன்று, போர் முடியும் முன்பே, போர்த்துறையின் கீழ் ஓர் அமைப்பை நிறுவும் சட்டத்தில் லிங்கன் கையெழுத்திட்டார். விடுதலை பெற்றோர் பணியகம் என்று தமிழில் சொல்லலாம். ஃப்ரீட்மென்ஸ் பீரோ என்றே பலருக்கும் தெரியும். போருக்குப் பின் ஓராண்டு மட்டும் இயங்குவதாகத் திட்டம். தொடக்கத்தில் தனி நிதி ஒதுக்கீடே இல்லை, படையின் கிடங்கிலிருந்துதான் உணவும் துணியும் மருந்தும் வந்தன.

அது செய்தவற்றைக் குறைத்து மதிப்பிடுவது நியாயம் ஆகாது. 2 கோடிக்கும் மேற்பட்ட உணவுப் பங்குகளை வழங்கியது. அவற்றில் கணிசமான பகுதி போரால் நொடித்துப்போன ஏழை வெள்ளையருக்கும் போய்ச் சேர்ந்தது. மருத்துவமனைகளை நடத்தியது. அடிமைகளின் திருமணத்துக்குச் சட்டத்தின் பார்வையில் மதிப்பே இல்லாதிருந்த நிலையில், பல ஆண்டுகளாகக் கணவன் மனைவியாக வாழ்ந்தவர்களுக்குப் பதிவுச் சான்று கொடுத்தது. 1870-இல் அதன் கல்விப் பணி முடிந்தபோது 4,000-க்கும் மேற்பட்ட பள்ளிகளில் ஏறத்தாழ 2.5 லட்சம் பேர் படித்தார்கள். பல ஊர்களில் அந்தப் பள்ளிக்கு இடமும் மரமும் உழைப்பும் கொடுத்தவர்கள் நேற்றுவரை அடிமைகளாக இருந்தவர்களே.

ஆனால் தென்பகுதி முழுவதற்கும் எந்த நேரத்திலும் 900 முகவர்களுக்கு மேல் இருந்ததில்லை. ஒரு முகவர் பல மாவட்டங்களைத் தனியாகப் பார்க்க வேண்டியிருந்தது. அவருடைய அன்றாட வேலையில் பெரும்பகுதி கூலி ஒப்பந்தங்கள்தான். உடைமையாளர் எழுதிய தாளைப் படித்துக் காட்டி, எழுத்தறியாத தொழிலாளி கீழே பெருக்கல் குறி இட, முகவர் சாட்சிக் கையெழுத்துப் போடுவார். கூலி மறுக்கப்பட்டால் முறையிட ஓர் இடம் இருக்கிறது என்பது அதுவரை கண்டிராத பாதுகாப்பு. அதே முகவர்தான், ஒப்பந்தம் செய்யாமல் இருக்கக் கூடாது என்று அவர்களை வற்புறுத்தவும் செய்தார். 1865 இறுதியில் மிசிசிப்பி இயற்றிய கறுப்பர் சட்டம், ஒவ்வொரு கறுப்பினத்தவரும் ஜனவரியில் வேலைக்கான எழுத்துச் சான்று வைத்திருக்க வேண்டும் என்றது. ஆண்டு முடியும் முன் வேலையை விட்டால் அதுவரை உழைத்த கூலியும் போய்விடும். நிலம் கையில் இல்லாதவர் இந்த வலைக்கு வெளியே எப்படி நிற்க முடியும்?

1866 பிப்ரவரியில் பணியகத்தை நீட்டிக்கும் மசோதாவை ஜான்சன் தடுத்தார். மற்ற மக்களுக்கு அரசு இப்படிப் பள்ளிகள் நிறுவியதில்லை என்பது அவர் சொன்ன காரணங்களில் ஒன்று. மே மாதம் மெம்ஃபிஸ் நகரில் நடந்த வன்முறையில் கறுப்பினத்தவர் 46 பேர் கொல்லப்பட்டார்கள். அவர்களுடைய பள்ளிகளும் தேவாலயங்களும் கொளுத்தப்பட்டன. ஜூலை 16 அன்று ஜான்சனின் இரண்டாவது தடையை மீறி நாடாளுமன்றம் சட்டத்தை நிறைவேற்றியது. ஆயினும் பெரும்பாலான பணிகள் 1868 இறுதியிலேயே நின்றன. 1872-இல் பணியகம் மூடப்பட்டது.

கேட்டவர்

இருவருக்கும் மிக்க நன்றி. ஒரு சிறு ஐயம். அடிமைகளை வைத்திருந்த உடைமையாளர்களுக்கு எங்காவது இழப்பீடு வழங்கப்பட்டதா? விடுதலை பெற்றோர் நிலம் வாங்க வேறு வழி எதுவும் அரசு காட்டவில்லையா?

மறுமொழி 1-ஐ எழுதியவர்

வழங்கப்பட்டது. 1862 ஏப்ரலில் தலைநகர் வாஷிங்டனில் அடிமைமுறை ஒழிக்கப்பட்டபோது, அரசுக்கு விசுவாசமான உடைமையாளருக்கு அடிமை ஒருவருக்கு 300 டாலர் வரை கொடுத்தார்கள். விடுதலை பெற்றவருக்கோ, நாட்டைவிட்டு வெளியேறச் சம்மதித்தால் மட்டும் 100 டாலர் வரை என்று அதே சட்டம் சொன்னது. யாருக்கு இழப்பு நேர்ந்ததாக அரசு கருதியது என்பதை இந்த இரு தொகைகளே காட்டிவிடுகின்றன.

நிலத்துக்கு 1866 ஜூன் மாதம் தென்பகுதிக் குடியேற்றச் சட்டம் வந்தது. அலபாமா, ஆர்கன்சா, ஃப்ளோரிடா, லூசியானா, மிசிசிப்பி ஆகிய ஐந்து மாநிலங்களில் இருந்த பொதுநிலம் அதில் அடங்கும். பெரும்பகுதி காடும் சதுப்பும்; ஏர், விதை, முதல் அறுவடை வரை உண்ண உணவு எதுவும் இல்லாதவரால் அதைத் திருத்த முடியவில்லை. 1876-இல் சட்டமே நீக்கப்பட்டது. பெரும் தோட்டங்களைக் கைப்பற்றிப் பகிர்ந்தளிக்க வேண்டும் என்று தாடியஸ் ஸ்டீவன்ஸ் என்ற உறுப்பினர் நாடாளுமன்றத்தில் வாதாடியதற்குப் போதிய ஆதரவு கிடைக்கவில்லை.

மறுமொழி 3

இந்த உரையாடலில் ஒரு முக்கியமான பகுதி விடுபட்டிருப்பதால் சேர்க்கிறேன். பணியகம் பிறந்த அதே மார்ச் 3 அன்று நாடாளுமன்றச் சாசனத்தோடு ஃப்ரீட்மன்ஸ் சேமிப்பு வங்கியும் பிறந்தது. அது தனியார் அறக்காப்பாளர்கள் நடத்திய வங்கி. ஆனால் பணியகத்தைச் சேர்ந்தவர்களே அதை எடுத்துச்சொல்லிப் பரப்பியதால், அரசே பின்னால் நிற்கிறது என்று மக்கள் நம்பினார்கள். 5 சென்ட் இருந்தாலும் கணக்கில் போடலாம். சலவைத் தொழிலாளர்களும் படைவீரர்களும் சிறு விவசாயிகளும் நிலம் வாங்குவதற்காகவே அதில் சேர்த்தார்கள். 1870-இல் சாசனம் தளர்த்தப்பட்டபின் வாஷிங்டனின் செல்வாக்குள்ள வணிகர்களுக்குக் கடன்கள் போயின. 1873-இன் நிதி நெருக்கடியில் அவை திரும்பவில்லை. 1874 மார்ச்சில் வங்கியின் தலைவராக்கப்பட்ட, முன்னாள் அடிமையும் புகழ்பெற்ற கறுப்பினத் தலைவருமான ஃப்ரெடரிக் டக்ளஸ் தம் சொந்தப் பணம் 10,000 டாலரை உள்ளே போட்டும் காப்பாற்ற முடியவில்லை. ஜூன் மாத இறுதியில் வங்கி மூடியபோது 61,000-க்கும் மேற்பட்டோரின் ஏறத்தாழ 30 லட்சம் டாலர் சிக்கியிருந்தது. சிலருக்குப் பல ஆண்டுகள் கழித்து ஒரு பகுதி கிடைத்தது. பலருக்கு எதுவும் கிடைக்கவில்லை.

நீங்கள் ஆசிரியர் என்பதால் ஒன்றைப் பரிந்துரைக்கிறேன். கையெழுத்திடத் தெரியாதவர்களை அடையாளம் காண, கணக்குத் தொடங்கும்போது வங்கி பல விவரங்களைக் கேட்டுப் பேரேட்டில் எழுதிக்கொண்டது: பிறந்த இடம், வளர்ந்த இடம், முன்னாள் எசமானின் பெயர், தாய், தந்தை, கணவன் அல்லது மனைவி, பிள்ளைகள், உடன்பிறந்தோர். வேறு மாநிலத்துக்கு விற்கப்பட்டுவிட்ட அண்ணன் தம்பிகளின் பெயர்களைக்கூடப் பலர் ஒன்றுவிடாமல் சொல்லியிருக்கிறார்கள். சுமார் 4.8 லட்சம் பெயர்கள் அடங்கிய அந்தப் பேரேடுகள் இன்று இணையத்தில் தேடக்கூடிய வடிவில் உள்ளன. தங்கள் முன்னோரைத் தேடுவோர் முதலில் புரட்டுவது அவற்றைத்தான். அதில் ஒரு பக்கத்தை வகுப்பில் காட்டி, ஒவ்வொரு கட்டத்திலும் என்ன எழுதியிருக்கிறது, எது வெற்றிடமாக விடப்பட்டிருக்கிறது என்று மாணவர்களையே படிக்கச் சொல்லுங்கள்.